கடன்பட்டவரும் நீதிமன்றமும்

நாளேடுகளின் உட்பக்கங்களிலே, சிறிய எழுத்தில், பெட்டி கட்டி அச்சிடப்படும் ஒருவகை அறிவித்தலை நீங்கள் கண்டிருப்பீர்கள். கடன் பெற்றவரின் பெயர், வங்கிக்குச் செலுத்தவேண்டிய முதல், அதன்மேல் ஏறிய வட்டி, ஈடு வைத்த உறுதியின் இலக்கம், காணியின் பரப்பு ஆகியன முதலில் வரும். பின்னர் நான்கு எல்லைகள் வரும்: வடக்கே ஒழுங்கை, கிழக்கே இன்னாருடைய காணி, தெற்கே வாய்க்கால், மேற்கே தெரு. இறுதியில் பகிரங்க ஏலம் நடைபெறும் நாளும் நேரமும் குறிக்கப்பட்டிருக்கும். நம்மிற் பலர் அதனைப் படியாமலே பக்கத்தைப் புரட்டிவிடுகின்றோம். ஆனால் அந்த நான்கு எல்லைகளுக்குள்ளே ஒரு வீடு இருக்கின்றது. கிணறு ஒன்றும், ஒருவேளை சிறிய ஆலையோ அச்சகமோ ஒன்றும் இருக்கின்றன. ஒரு குடும்பத்தின் முப்பது ஆண்டு உழைப்பும், ஊருக்குள் அதற்குள்ள மதிப்பும் அங்கேதான் இருக்கின்றன.

அந்த அறிவித்தல் வெளிவந்த நாளுக்கும் ஏலம் கூறப்படும் நாளுக்கும் இடையில் நீதிமன்றம் செய்யக்கூடியது யாது? செய்ய முடியாதது யாது? இவ்விரு கேள்விகளையே இன்று எடுத்துக்கொள்கின்றேன்.

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடவேண்டும். நீதிமன்றம் கடனை மன்னிக்கும் இடமன்று. வாங்கிய பணத்தைத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்பது நம்முடைய அறநூல்களுக்கும் சட்டநூல்களுக்கும் பொதுவான கொள்கை. மேலும், வங்கி கொடுத்த பணம் வங்கியின் சொந்தப் பணமும் அன்று. ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் நிலையான வைப்பில் இட்ட சேமிப்பும், விதவைத் தாய் ஒருத்தி மகளின் திருமணத்துக்கென ஒதுக்கிய பணமும் அதிற் கலந்திருக்கின்றன. கடன்பட்டவரின் கண்ணீரை மட்டும் பார்த்து இந்த வைப்பாளர்களை மறந்துவிடுவது நியாயமாகாது. ஆகவே, நீதிமன்றத்திலே கிடைக்கும் நிவாரணம் என்று நான் கூறும்போது, கடனிலிருந்து விடுதலையைக் கருதவில்லை. கடனுக்கும் ஏலத்துக்கும் இடையில் ஒரு நடுநிலையான விசாரணை இருக்கவேண்டும் என்பதையே கருதுகின்றேன்.

காணியை ஈடாக வைத்துக் கடன் பெறுவது நமக்குப் புதிய வழக்கம் அன்று. ஒல்லாந்தர் ஆட்சியில் 1707ஆம் ஆண்டிலே தொகுக்கப்பட்ட யாழ்ப்பாணத்துத் தேசவழமையில் ஒற்றி பற்றிய விதிகள் இருக்கின்றன. ஒற்றி கொண்டவர் வட்டிக்குப் பதிலாகக் காணியின் விளைவை அனுபவிப்பார். ஒற்றி வைத்தவர் முதலைக் கொடுத்துத் தம்முடைய நிலத்தை மீட்டுக்கொள்வார். நிலம் கைமாறினாலும் அதனை மீட்கும் உரிமை நிலத்துக்குரியவரிடமே தங்கிநின்றது. இங்கிலாந்திலும் இவ்வாறே, தவணை தவறிய மாத்திரத்தில் நிலத்தை இழந்துவிடும் கொடுமையை நீக்குவதற்காக, சான்சரி நீதிமன்றம் கடனாளியின் மீட்புரிமையைப் பாதுகாத்தது. ஈடு என்பது விற்பனை அன்று என்ற அறிவு கிழக்கிலும் மேற்கிலும் மிகப் பழையது.

இந்நாட்டின் பொதுச் சட்டமாக நின்ற உரோம ஒல்லாந்தச் சட்டமும் இதையே கூறிற்று. அசையாச் சொத்தை ஈடாகப் பெற்ற கடன்காரர் தம் விருப்பப்படி அதனை விற்றுவிட முடியாது. அவர் நீதிமன்றத்துக்குச் சென்று, வழக்கிட்டு, தீர்ப்பைப் பெற்று, நீதிமன்றத்தின் கட்டளைப்படியே விற்கவேண்டும். 1949ஆம் ஆண்டின் ஈட்டுச் சட்டத்தின் கீழ் நடக்கும் ஈட்டு வழக்கும் இந்தப் பாதையிற் செல்வதே. இதிலே கடன்பட்டவருக்குத் தம் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புண்டு. கணக்குப் பிழை, செலுத்தியும் வரவு வைக்கப்படாத தவணை, உடன்படாத வட்டி ஆகியவற்றை நீதிபதியின் முன் அவர் எடுத்துக்காட்டலாம்.

அவ்வாறாயின், நாளேட்டில் வரும் அந்தப் பெட்டி அறிவித்தல்கள் எங்கிருந்து வந்தன? அவற்றின் மூலம் ‘பராட்டே’ என்ற ஒல்லாந்தச் சொல்லிலே இருக்கின்றது. பராட்டே நிறைவேற்றம் என்றால், நீதிமன்றத் தீர்ப்புக்குக் காத்திராமல் உடனே நிறைவேற்றுதல் என்று பொருள். பொதுச் சட்டம் விலக்கிய இந்த வழியை, தனிச் சட்டங்கள் சில நிறுவனங்களுக்குத் திறந்துவிட்டன. முன்னர் அரசுடைமையான சில கடன் நிறுவனங்களுக்கு மாத்திரம் இருந்த இவ்வதிகாரம், 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்க, வங்கிகள் கடன் அறவிடுதற்கான விசேட ஏற்பாடுகள் சட்டத்தினாலே ஏனைய வர்த்தக வங்கிகளுக்கும் விரிவாக்கப்பட்டது.

அச்சட்டம் தொழிற்படும் விதத்தைச் சுருக்கமாகச் சொல்கின்றேன். கடன்பட்டவர் தவணை தவறுகின்றார். வங்கியின் பணிப்பாளர் சபை கூடி, ஈடு வைக்கப்பட்ட சொத்தைப் பகிரங்க ஏலத்தில் விற்கும்படி தீர்மானம் நிறைவேற்றுகின்றது. அத்தீர்மானம் வர்த்தமானியிலும் நாளேடுகளிலும் வெளியிடப்பட்டு, அதன் பிரதி கடன்பட்டவருக்கும் அனுப்பப்படவேண்டும். அதன்பின் ஏலத்துக்கான அறிவித்தல், விற்பனை நாளுக்குக் குறைந்தது 14 நாள்களுக்கு முன்னர், வெளியாகவேண்டும். ஏலத்துக்கு முன்பாக நிலுவை முழுவதையும் வட்டியோடும் செலவோடும் செலுத்திவிட்டால் விற்பனை நடைபெறாது. விற்றபின் கடனுக்கு மேலாகப் பணம் மிஞ்சினால் அம்மிச்சம் கடன்பட்டவரைச் சேரும். விற்பனை முடிந்ததும் வங்கி விற்பனைச் சான்றிதழ் ஒன்றை வழங்கும். சொத்தை வாங்கியவர் அச்சான்றிதழைக் காட்டி, மாவட்ட நீதிமன்றத்தின் மூலம் காணியின் உடைமையைப் பெற்றுக்கொள்ளலாம்.

நேயர்களே, இந்த வரிசையை ஒருமுறை மனத்திலே ஓட்டிப்பாருங்கள். கடன் எவ்வளவு என்று கணக்கிடுபவர் வங்கி. தவணை தவறியதாக முடிவு செய்பவரும் வங்கி. விற்கும்படி கட்டளை இடுபவரும் வங்கியே. நீதிமன்றம் இந்த வரிசையில் வருவது இறுதியில், வீட்டிலுள்ளோரை வெளியேற்றும் வேளையில்தான். தன் வழக்கில் தானே நீதிபதியாக அமர்தல் கூடாது என்பது நீதியின் முதற் பாடம். அந்தப் பாடத்துக்கு இச்சட்டம் ஒரு விதிவிலக்கு. விதிவிலக்கு என்பதனாலேயே அதன் எல்லை மிகக் கவனமாகக் காக்கப்படவேண்டும்.

எனினும், இச்சட்டத்தை வங்கிகளின் பேராசை என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிடுதலும் தவறு. ஈட்டு வழக்கொன்று தொடங்கி முடிவதற்கிடையில் பல ஆண்டுகள் கழிந்துவிடுவதுண்டு. வசதி இருந்தும் கடனைக் கட்டாதவர், தவணைக்குமேல் தவணை பெற்று வழக்கை இழுத்தடிப்பதும் உண்டு. அவ்வாறு முடங்கிய பணம் வேறொரு சிறு தொழிலாளிக்குக் கடனாகச் சென்றிருக்கவேண்டிய பணம். கடனை மீட்பது கடினமானால் வங்கி அடுத்தவருக்குக் கடன் கொடுக்கத் தயங்கும், அல்லது வட்டியை உயர்த்தும். இந்த நியாயத்தை மறைக்காமல் ஏற்றுக்கொண்டே நாம் மேலே செல்லவேண்டும்.

ஆயினும், கட்ட மனமில்லாதவர் ஒருவர். கட்ட வழியில்லாதவர் வேறொருவர். இவ்விருவரையும் பணிப்பாளர் சபையின் தீர்மானம் வேறுபடுத்திப் பார்ப்பதில்லை. அண்மைக்கால வரலாறு இந்த வேறுபாட்டை நமக்கு நன்றாகக் கற்பித்திருக்கின்றது.

ஒருவர் தம்முடைய அரிசி ஆலையை விரிவாக்குவதற்காக, வீட்டையும் ஆலையையும் ஈடு வைத்து 80 இலட்சம் ரூபா கடன் பெற்றார் என்று வைத்துக்கொள்வோம். வட்டி சந்தையோடு சேர்ந்து மாறும் என்பது ஒப்பந்தம். ஆண்டுக்கு 12 வீதமாக இருந்தபோது, வட்டி மாத்திரம் மாதத்துக்கு 80,000 ரூபா. ஆலையின் வருமானத்தில் அதை அவர் ஒழுங்காகச் செலுத்தி வந்தார். 2019ஆம் ஆண்டு உயிர்த்த ஞாயிறுக் குண்டுத் தாக்குதல்களின் பின் வியாபாரம் தளர்ந்தது. 2020இலும் 2021இலும் கொரோனா நோய்த்தொற்றினால் கதவடைப்பு வந்தது. 2022ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் இலங்கை அரசாங்கமே தன் வெளிநாட்டுக் கடன்களைச் செலுத்துவதை நிறுத்திவைத்தது. அதே மாதம் 8ஆந் திகதி மத்திய வங்கி தன் கடன்வழங்கல் வசதி வீதத்தை 7.50 வீதத்திலிருந்து 14.50 வீதமாக ஒரே நாளில் உயர்த்தியது. 2023 மார்ச்சில் அது 16.50 வீதமாயிற்று. வங்கிகள் தம் வாடிக்கையாளரிடம் அறவிட்ட வட்டி அதற்கும் மேலே சென்றது. நம்முடைய ஆலைக்காரரின் வட்டி 24 வீதமாயிற்று என்றால், மாதத்துக்கு அவர் செலுத்தவேண்டியது 160,000 ரூபா. முதல் ஒரு சதமும் குறையவில்லை, வட்டிமட்டும் இரட்டித்தது. அதே வேளையில் டீசலும் மின்கட்டணமும் ஏறின. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச்சுட்டியின்படி பணவீக்கம் 69.8 வீதத்தைத் தொட்டது.

இம்மனிதர் சூதாடவில்லை, கடன் பணத்தில் ஆடம்பரம் செய்யவும் இல்லை. நாடே கடனைக் கட்ட முடியாத ஆண்டில் அவராலும் கட்ட முடியவில்லை. அந்நாட்டுக்கு அதன் கடன்காரர்கள் பேச்சுவார்த்தைக்கு இடம் கொடுத்தனர், தவணையை நீட்டினர். அரிசி ஆலைக்காரருக்கும் ஒரு பேச்சுவார்த்தைக்கு இடமுண்டா என்பதே நம்முடைய கேள்வி.

இவ்விடத்திலே நீதிமன்றத்தின் பங்கு வருகின்றது. நீதிமன்றம் முதலாவதாகப் பார்ப்பது, வங்கி தன் விசேட அதிகாரத்தின் எல்லைக்குள் நின்றதா என்பதை. இதற்குச் சிறந்த உதாரணம் 2006ஆம் ஆண்டில் உயர் நீதிமன்றம் வழங்கிய பெரும்பான்மைத் தீர்ப்பு. ஒருவர் பெற்ற கடனுக்காக இன்னொருவர் தம் காணியை ஈடாக வைத்திருந்தால், அந்த மூன்றாமவரின் காணியைப் பராட்டே வழியில் விற்கலாமா என்பது வழக்கு. 1990ஆம் ஆண்டுச் சட்டம் கடன் பெற்றவரின் சொத்தைப் பற்றியே பேசுகின்றது. மூன்றாமவரின் சொத்துக்கு அதை நீட்ட முடியாது என்று உயர் நீதிமன்றம் தீர்த்தது. பொதுச் சட்டத்துக்கு விலக்கான அதிகாரத்தைச் சொல்லுக்குச் சொல் இறுக்கமாகவே பொருள்கொள்ளவேண்டும் என்ற கருத்தே இத்தகைய தீர்ப்புகளின் அடிப்படை. பின்னர் வந்த தீர்ப்புகளும் 2011ஆம் ஆண்டின் சட்டத்திருத்தங்களும் இந்த எல்லைக்கோட்டை மீளவும் வரைந்துள்ளன. ஆதலால், கம்பனியின் கடனுக்காகத் தம் வீட்டை ஈடு வைத்த பணிப்பாளரும், உறவினருக்காக ஈடு வைத்தவரும், 2006ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றையே நம்பி இருத்தலாகாது. தம் நிலையைத் தக்க சட்டத்தரணி ஒருவரிடம் காட்டவேண்டும். அதே 2011ஆம் ஆண்டில், முதல் 50 இலட்சம் ரூபாவுக்குக் குறைந்த கடன்களுக்குப் பராட்டே வழியைப் பயன்படுத்தலாகாது என்ற காப்பும் சட்டத்திலே சேர்க்கப்பட்டது. சிறு கடனாளிக்குக் கிடைத்த பெரிய காப்பு அது.

இரண்டாவதாக நீதிமன்றம் பார்ப்பது, சட்டம் விதித்த படிகள் ஒவ்வொன்றும் ஒழுங்காக ஏறப்பட்டனவா என்பதை. தீர்மானம் முறைப்படி நிறைவேற்றப்பட்டதா? அறிவித்தல் உரிய நாளில் வெளிவந்ததா? கடன்பட்டவருக்கு அது அனுப்பப்பட்டதா? தவணை உண்மையிலே தவறியதா, அல்லது வங்கியே ஒப்புக்கொண்ட மீள்தவணை ஒன்று நடைமுறையில் இருந்ததா? இவை வெறும் சடங்குகள் அல்ல. விசாரணை இல்லாத இடத்தில், இப்படிகளே கடன்பட்டவருக்கு எஞ்சியுள்ள ஒரே பாதுகாப்பு.

இத்தகைய குறை இருப்பதாகக் கூறுபவர், மாவட்ட நீதிமன்றத்திலோ, கொழும்பு வர்த்தக மேல் நீதிமன்றம் போன்ற உரிய நியாயாதிக்கமுள்ள நீதிமன்றத்திலோ வழக்கிட்டு, ஏலத்தை நிறுத்திவைக்க இடைக்காலத் தடையுத்தரவு கேட்கலாம். அரச வங்கியாயின், மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு என்ற வழியும் உண்டு. தடையுத்தரவு கொடுப்பதற்கு முன் நீதிபதி மூன்று கேள்விகளைக் கேட்பார். மனுதாரரின் வழக்கில் விசாரிக்கத்தக்க பொருள் உண்டா? தடையை மறுத்தால் மனுதாரருக்கு நேரும் இடரும், கொடுத்தால் வங்கிக்கு நேரும் இடரும் ஒன்றோடொன்று எடைபோடப்படும்போது எது கனக்கின்றது? பின்னர் பணத்தால் ஈடுசெய்ய முடியாத நட்டம் ஏற்படுமா? இவற்றுக்கும் மேலாக நான்காவது கேள்வியொன்று வெளிப்படக் கேட்கப்படாமலே நீதிபதியின் மனத்தில் நிற்கும். இம்மனுதாரர் உண்மை முழுவதையும் சொல்லியிருக்கின்றாரா?

இந்த நான்காவது கேள்வியிலேதான் பலர் தோற்றுப்போகின்றனர். வங்கி அனுப்பிய கடிதங்களைப் பெற்றுக்கொண்டு, பெறவில்லை என்று சத்தியக்கடதாசியில் எழுதுகின்றனர். முன்னர் இருமுறை மீள்தவணை பெற்றதை மறைக்கின்றனர். தடையுத்தரவு நேர்மையை அடிப்படையாகக் கொண்ட நிவாரணம். உண்மையை மறைத்தவர் என்று தெரிந்த மாத்திரத்தில், ஏனைய நியாயங்கள் எவ்வளவு வலியனவாயினும், அந்நிவாரணம் அவர் கையிலிருந்து நழுவிவிடும். அவசர நிலையில் எதிர்த்தரப்பைக் கேளாமலே கொடுக்கப்படும் குறுங்காலத் தடைக் கட்டளைகூட முதலில் 14 நாள்களுக்கு மேற்படுவதில்லை. அந்நாள்கள் கழிந்ததும் வங்கி தன் கணக்குப் புத்தகங்களோடு நீதிமன்றத்துக்கு வரும் என்பதை மறத்தலாகாது.

மற்றொரு பிழை காலந்தாழ்த்துதல். தீர்மானம் அறிவிக்கப்பட்டபோது வாளாவிருந்து, ஏலத்துக்கு முதல்நாள் மாலையில் சட்டத்தரணியின் வாசலைத் தட்டுவோர் உளர். ஏலம் முடிந்து விற்பனைச் சான்றிதழும் வழங்கப்பட்டபின் வருவோரும் உளர். அப்பொழுது சொத்து நம்பிக்கையோடு பணம் கொடுத்து வாங்கிய வேறொருவர் கையில் இருக்கும். அவருக்கும் ஒரு நியாயம் உண்டு. நோய் முற்றியபின் வரும் நோயாளிக்கு வைத்தியர் செய்யக்கூடியது சிறிதே.

பராட்டே அல்லாத வழியையும் வங்கிகள் நாடுவதுண்டு. 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவிடல் விசேட ஏற்பாடுகள் சட்டத்தின் கீழ் சுருக்க நடைமுறையில் வழக்கிடலாம். இதிலே நீதிமன்றம் வங்கியின் பத்திரங்களைப் பார்த்து, முதலிலேயே நிபந்தனைத் தீர்ப்பொன்றை வழங்கிவிடும். கடன்பட்டவர் தோன்றி எதிர்வழக்காட நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். அதற்குச் சட்டம் மூன்று வாயில்களை வைத்திருக்கின்றது. தொகையை நீதிமன்றத்தில் கட்டலாம். அல்லது நீதிமன்றம் நியாயமெனக் கருதும் பிணை கொடுக்கலாம். அல்லது விசாரிக்கப்படவேண்டிய உண்மையான பிரச்சினை ஒன்று உண்டென்று சத்தியக்கடதாசியால் நீதிபதியைத் திருப்திப்படுத்தலாம். மூன்றாவது வாயில் பணமில்லாதவனுக்கென்று திறந்த வாயில். ஆனால் அதிலும் வெறும் மறுப்பு நுழையாது. எந்தத் தவணை எந்த நாளிற் கட்டப்பட்டது, எந்தக் கணக்கு எவ்வாறு பிழைத்தது என்று பற்றுச்சீட்டோடு காட்டவேண்டும்.

அயல்நாடாகிய இந்தியாவின் அனுபவமும் இங்கே எண்ணத்தக்கது. அங்கே 2002ஆம் ஆண்டில், நீதிமன்றத்தின் தலையீடின்றி வங்கிகள் ஈட்டுச் சொத்தைக் கைப்பற்றி விற்க இடமளிக்கும் சட்டமொன்று இயற்றப்பட்டது. கடன்பட்டவருக்கு 60 நாள் அறிவித்தல் கொடுக்கவேண்டும். பின்னர் அவர் கடன் மீட்புத் தீர்ப்பாயத்திலே முறையிடலாம். ஆனால் வங்கி கேட்கும் தொகையில் 75 வீதத்தைக் கட்டிய பின்னரே அம்முறையீடு ஏற்கப்படும் என்று சட்டம் விதித்தது. வீட்டை இழந்து நிற்பவன் முக்காற்பங்குப் பணத்தைக் கட்டிவிட்டு வந்து நியாயம் கேட்கவேண்டுமாம்! 2004ஆம் ஆண்டு ஏப்ரலில் இந்திய உச்ச நீதிமன்றம் சட்டத்தின் ஏனைய பகுதிகளைச் செல்லுபடியாக விட்டு, இந்த நிபந்தனையை மாத்திரம் நியாயமற்றதென்று நீக்கியது. கடன்பட்டவரின் ஆட்சேபனையை வங்கி ஆராய்ந்து, காரணத்தோடு பதில் கூறவேண்டும் என்றும் வலியுறுத்தியது; அக்கடமை அதே ஆண்டில் சட்டத்திருத்தமாகவும் வந்தது. வங்கியின் மீட்பு அதிகாரத்தை அந்நீதிமன்றம் பறிக்கவில்லை. முறையிட வருபவனின் முகத்திலே கதவைச் சாத்தக்கூடாது என்றே கூறிற்று. நாமும் மனத்திற் கொள்ளவேண்டிய அளவு இதுவே.

இனி, நம் நாட்டில் அண்மையில் நிகழ்ந்ததற்கு வருகின்றேன். சிறு, நடுத்தர முயற்சியாளரின் முறையீடு பெருகவே, 2024ஆம் ஆண்டில் பாராளுமன்றம் பராட்டே அதிகாரத்தை அவ்வாண்டு டிசெம்பர் 15 வரை இடைநிறுத்தியது. அக்காலம் பின்னர் 2025 மார்ச் 31 வரை நீடிக்கப்பட்டது. மத்திய வங்கியும் 2024இல், இடருற்ற தொழில்களைத் தூக்கி நிறுத்துவதற்காக வணிகப் புத்துயிரளிப்புப் பிரிவுகளை அமைக்கும்படி வங்கிகளுக்கு வழிகாட்டல் வழங்கியது. மூச்சுத்திணறிய பலருக்கு இவை மூச்சு விடும் அவகாசம் கொடுத்தன என்பதில் ஐயமில்லை.

ஆனால் அந்த இடைநிறுத்தம், ஒவ்வொருவரின் நிலையையும் தனித்தனியே ஆராய்ந்து கொடுத்த நிவாரணம் அன்று. நாட்காட்டியைக் கொண்டு கொடுத்த நிவாரணம். நேர்மையாக இடருற்றவனுக்கும், வசதியிருந்தும் கட்டாதவனுக்கும் ஒரே தேதிதான். அவகாசம் ஓடிய மாதங்களில் ஏதேனும் செலுத்தியவர் பாரம் குறைந்தது. கையைக் கட்டி இருந்தவரின் வட்டி வளர்ந்தது. குறித்த நாள் வந்ததும் பிரச்சினை தொடங்கிய இடத்திலேயே நின்றது.

இதற்கு மாறான வழியொன்று 1930களின் பெரும் பொருளாதார மந்தத்தின்போது அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் கையாளப்பட்டது. அங்கும் வங்கிகளும் கட்டிடச் சங்கங்களும் நீதிமன்றத்துக்குச் செல்லாமல், அறிவித்தல் மூலமே ஈட்டுச் சொத்தை விற்றுவந்தன. 1933ஆம் ஆண்டில் அம்மாநிலம் ஒரு சட்டம் செய்தது. வீட்டையோ பண்ணையையோ இழக்கும் நிலையிலுள்ளவர் நீதிமன்றத்துக்கு வந்து, சொத்தை மீட்கும் காலத்தை நீட்டும்படி கேட்கலாம். நீதிபதி அவர் நிலையை ஆராய்ந்து காலத்தை நீட்டலாம்; ஆனால் அதுவரை ஒரு நியாயமான மாதத்தொகையை அவர் செலுத்திவரவேண்டும். மினியாபொலிஸ் நகரிலே, தம் பெரிய வீட்டின் ஒரு பகுதியில் தாம் குடியிருந்து எஞ்சிய அறைகளை வாடகைக்கு விட்டுவந்த ஒரு தம்பதியர் அவ்வாறு விண்ணப்பித்தனர். நீதிமன்றம் 1935 மே முதலாந் திகதி வரை அவகாசம் கொடுத்து, மாதம் 40 டொலர் செலுத்தும்படி கட்டளையிட்டது. இது ஒப்பந்தத்தை மீறும் சட்டம் என்று கடன் கொடுத்த சங்கம் வாதிட்டது. 1934ஆம் ஆண்டில் அமெரிக்க உயர் நீதிமன்றம், ஐவருக்கு நால்வர் என்ற பெரும்பான்மையால், அச்சட்டத்தை ஏற்றுக்கொண்டது. கடன் அழியவில்லை, வட்டி அழியவில்லை, காலம் மாத்திரம், நிபந்தனையோடு, தற்காலிகமாக நீட்டப்பட்டது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

நான் இன்று வற்புறுத்த விரும்புவது இதையே. ஒரே நாளில் எல்லா ஏலத்தையும் நிறுத்தி, வேறொரு நாளில் எல்லா ஏலத்தையும் அவிழ்த்துவிடுவதைவிட, ஒவ்வொரு கடனாளியையும் தனித்தனியே கேட்டு, அவருடைய வருமானத்துக்கேற்ற மாதத்தொகையை விதித்து, குறித்த காலம் கொடுக்கும் அதிகாரத்தை நீதிமன்றத்துக்கு வெளிப்படையாக வழங்கும் சட்டமே நமக்கு வேண்டியது. அத்தகைய விசாரணை விரைவாக முடியவேண்டும். இன்றேல் வங்கிகள் பழைய தாமதத்தைக் காட்டி மறுபடியும் விதிவிலக்குக் கேட்கும். செலுத்தும் தொகை உண்மையானதாக இருக்கவேண்டும். இன்றேல் வைப்பாளரின் பணம் கரையும். இந்த இரு கரைகளுக்கிடையில் ஓடும் நிவாரணமே நெடுநாள் நிலைக்கும்.

அத்தகைய சட்டம் வரும்வரை, இடருற்றவர் என்ன செய்யலாம்? முதலாவது, மௌனத்தைக் கைவிடவேண்டும். நம்மவரிடையே கடனைப் பற்றிப் பேசுவது மானக்கேடு என்ற எண்ணம் வேரூன்றியிருக்கின்றது. வங்கியின் கடிதத்தை மனைவிக்கும் காட்டாமல் அலுமாரியிலே பூட்டி வைப்பவர் எத்தனையோ பேர். முதலாவது தவணை தவறும் என்று தெரிந்த அன்றே, எழுத்து மூலம் வங்கிக்கு நிலையை அறிவித்து, மீள்தவணை கேட்கவேண்டும். அக்கடிதத்தின் பிரதியும், வங்கியின் பதிலும், ஒவ்வொரு பற்றுச்சீட்டும் ஒரே கோப்பில் இருக்கவேண்டும். சிறிதாயினும் ஒரு தொகையை மாதந்தோறும் செலுத்திவரவேண்டும். நீதிபதியின் முன் அதுவே நேர்மைக்குச் சாட்சி. வங்கி நியாயமாக நடக்கவில்லை என்று தோன்றினால், மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்துக்கு முறையிடலாம். தீர்மான அறிவித்தல் வந்துவிட்டால் ஒருநாளும் தாமதியாமல் கோப்போடு சட்டத்தரணியிடம் செல்லவேண்டும். அவரிடம் எதையும் மறைத்தலாகாது. இன்னொன்று: சொத்தின் பெறுமதி கடனைவிட மிகுதியாயிருந்தால், ஏலத்துக்குக் காத்திராமல், வங்கியின் சம்மதத்தோடு தாமே நல்ல விலைக்கு ஒரு பகுதியை விற்றுக் கடனைத் தீர்ப்பதும் தோல்வியன்று. ஏல விலைக்கும் சந்தை விலைக்கும் உள்ள வேற்றுமை ஒரு குடும்பத்தின் எஞ்சிய வாழ்வாக இருக்கலாம்.

பிறருக்காக ஈடு வைப்பவர்களுக்கும், பிணை நிற்பவர்களுக்கும் ஒரு சொல். உறவின் முகத்துக்காகக் கையொப்பமிடும் அந்த ஒரு நிமிடத்தில், நான்கு எல்லைகளும் அந்தக் கடதாசிக்குள் அடங்கிவிடுகின்றன. வாசித்து, விளங்கி, வீட்டாரோடு கலந்து, பின்னர் ஒப்பமிடுங்கள்.

நேயர்களே, அடுத்தமுறை நாளேட்டிலே அந்தச் சிறிய பெட்டி அறிவித்தலைக் காணும்போது, பக்கத்தைப் புரட்டுமுன் ஒருகணம் நில்லுங்கள். அதிலுள்ள பெயர் உங்களுக்குத் தெரிந்தவருடையதாக இருந்தால், அதைப் பிறரிடம் சொல்லித் திரியாமல், அவர் வீட்டுப் படலையைத் திறந்து உள்ளே செல்லுங்கள். இன்னும் நாள் இருக்கின்றது, கோப்பை எடுத்துக்கொண்டு புறப்படுங்கள் என்று அவருக்குச் சொல்லுங்கள்.